நாலு புள்ளி ஆறின் நிழல்

"இன்னுங் கொஞ்சம் கெழக்கால வாங்க அம்மிணி, தலைமாட்டுல வெயில் ஏறிருச்சு" என்று போன் ஸ்பீக்கரில் மாதையன் கத்தவும், கோகிலவாணி மவுஸை அழுத்திப் பிடித்துக் கேமராவை ஒரு மயிரிழை கிழக்கே இழுத்தாள். இழுத்ததும் ஜன்னலுக்குக் கீழே சாயக்காரர் வீதியில் நிழல் ஒரு முழம் நகர்ந்து, பாடையில் கிடந்த விசைத்தறிச் சென்னியப்பனின் முகத்தை மறுபடியும் மூடிக்கொண்டது.

"போதுங்களாண்ணா?"

"போதும் போதும். இப்பிடியே நடக்கற வேகத்துல வாங்க. முன்னால ஓடிப்போயிராதீங்க, கொட்டுக்காரங்க பின்னால நின்னுட்டாங்க."

அவள் நடக்கிற வேகத்தில் போனாள். திரையில் ஆளில்லாத ஒரு வீதி மெல்லப் பின்னால் போய்க்கொண்டிருந்தது. அதே கடைப் பலகைகள், அதே மின்கம்பங்கள், அதே சாக்கடைப் பாலம். வெளியே அந்த வீதியிலேயே, மேலே ஒரு கிளையோ ஓலையோ துணியோ இல்லாமல், நூற்றைம்பது மீட்டர் அகலத்துக்கு ஒரு நிழல் பாடையோடும் பாடைக்குப் பின்னால் வந்தவர்களோடும் சேர்ந்து நகர்ந்தது. பெண்கள் வீதி முக்கோடு நின்று திரும்பிவிடுவது அங்கே வழக்கம்; முக்கு வந்ததும் சென்னியப்பனின் மனைவியும் இரண்டு மகள்களும் நின்றுவிட்டார்கள்; கோகிலவாணி மட்டும் மாடியில் நாற்காலியை விட்டு எழாமல், டவுன்பஸ் போகிற தடத்தோடு ஆற்றங்கரை மயானத்தின் வாசல் வரைக்கும் போய், மாதையன் "ஆச்சுங்க, நீங்க திரும்பிக்குங்க" என்ற பிறகு திரும்பினாள். மணி ஒன்றே முக்கால் ஆகியிருந்தது. அன்றைக்குச் செய்திருக்க வேண்டிய வேலையில் ஒரு துளிகூட ஆகவில்லை.

அவளுடைய வேலை ஒரு விளையாட்டு. கம்ப்யூட்டரிலும் போனிலும் ஆடுகிற விளையாட்டு. ஆடுகிறவர் ஒரு டவுன்பஸ் கண்டக்டர். நெரிசலில் புகுந்து புகுந்து, படியில் தொங்குகிறவர்களை உள்ளே தள்ளி, கூடைக்காரிகளிடம் திட்டு வாங்கி, கடைசி நிறுத்தம் வருவதற்குள் எல்லோருக்கும் டிக்கெட் கிழித்துவிட வேண்டும். கோகிலவாணியும் அவளோடு வேலை செய்த நவ்ஷாத்தும் அளவு நாடாவைப் பிடித்துக்கொண்டு மார்க்கெட்டிலிருந்து ஆறு வரைக்கும் ஈரோட்டின் அந்தத் தடத்தை அளந்து, ஒரு சாண் பிசகாமல் கம்ப்யூட்டருக்குள் கட்டியிருந்தார்கள். கட்டியது லான்டர்ன் என்கிற என்ஜினில். இந்தத் தொழிலில் என்ஜின் என்றால் ஒரு மென்பொருள். மண்ணும் வெளிச்சமும் பாரமும் விழுகிற வேகமும் அதற்குள்ளேயே இருக்கும், ஆள்கள் போய் ஊரைக் கட்டிக்கொள்ள வேண்டியதுதான். கட்டிய ஊரைப் பார்ப்பதற்கு உள்ளே ஒரு கேமரா உண்டு. அது எங்கே நிற்கிறதோ அந்த இடம் திரையில் தெரியும். உலகம் ஏழாம் பதிப்புக்குப் போய்விட்ட பிறகும் அவர்களிடம் இருந்தது நாலு புள்ளி ஆறாம் பதிப்பு, அதுவும் ஒரே ஒரு கம்ப்யூட்டருக்கு மட்டும் உரிமம் வாங்கியது.

பழைய பதிப்பு சொன்னதைச் செய்யும், சரிதானா என்று திருப்பிக் கேட்காது. மூன்று வருடங்களுக்கு முன் ஒரு பங்குனியில் பஸ் நிறுத்தத்தில் வைக்கலாம் என்று கோகிலவாணி இணையத்திலிருந்து ஒரு மரத்தை எடுத்தாள். அதைச் செய்தவர் சென்டிமீட்டரில் அளந்து செய்திருந்தார்; நாலு புள்ளி ஆறு ஒவ்வொரு சென்டிமீட்டரையும் ஒரு மீட்டராக எடுத்துக்கொண்டது. பன்னிரண்டு மீட்டர் மரம் ஆயிரத்து இருநூறு மீட்டருக்கு வளர்ந்து, அடிமரம் மார்க்கெட்டை விழுங்கிவிட, "அக்கா, நாம மரத்துக்குள்ள நிக்கறோம்" என்றான் நவ்ஷாத். அவளிடமிருந்து மவுஸை வாங்கி, அந்த மரத்தின் குணங்கள் வரிசையாக எழுதியிருந்த இடத்தில் "நிழல் மட்டும்" என்பதைத் தட்டினான். மரம் மறைந்தது, நிழல் நின்றது. சாப்பிட்டுவிட்டு வந்து அழித்துக்கொள்ளலாம் என்று இருவரும் படியிறங்கியபோது வீதி குளிர்ந்திருந்தது.

அதற்கு மேல் ஒரு காரணமும் இல்லை. யாரும் தேடவும் இல்லை.

முதல் நாள் வீதிக்காரர்கள் அண்ணாந்து பார்த்தார்கள், மேலே வெளிறிய வானம்தான் இருந்தது. குனிந்து பார்த்தார்கள், காலடியில் இலை இலையாக நிழல் இருந்தது. உடனே போய் வண்டிகளை எடுத்துவந்து அதில் நிறுத்திக்கொண்டார்கள். டீக்கடை ஆறுச்சாமி பெஞ்சுகளை வெளியே இழுத்துப் போட்டார். துணி பேல்களை லாரிக்கு ஏற்றும் சுமைக்காரர்கள், அவர்களுக்குத் தலைவர் மாதையன், தலைத்துணியை அவிழ்த்து உதறித் தோளில் போட்டுக்கொண்டார்கள். காக்கைகள்தான் ஏமாந்தன, நிழலுக்கு மேலே வட்டமடித்து வட்டமடித்துக் கிளை தேடி, இரண்டாம் நாளோடு அவையும் விட்டுவிட்டன. மூன்றாம் நாள்தான் பேச்சே வந்தது. அதுவும் நிழல் எப்படி வந்தது என்றல்ல, எந்த மரத்து நிழல் என்று.

"புளிங்க. அதான் உக்காந்து எந்திரிச்சா மேலு வலிக்குது" என்றார் மாதையன்.

"உனக்கு ஊட்ல உக்காந்து எந்திரிச்சாலும் மேலு வலிக்கும்" என்றார் நாட்டு மருந்துக்கடை ஜெயபாலன். "இது புங்கை. எலையப் பாரு."

"எங்கீங்க பாக்கறது?"

"கீழ பாருய்யா. மேல என்ன இருக்குது பாக்கறதுக்கு."

அது பனி பெய்கிற ஏதோ தேசத்து மரம், பெயர் தனக்கே வாயில் நுழையவில்லை என்று கோகிலவாணி சொன்னதும், "அப்பச் சளி புடிக்குமாட்டங்குது" என்று ஜெயபாலன் தீர்ப்புச் சொல்லிவிட, இளைப்பு இருந்தவர்கள் ஒரு வாரம் நிழலின் ஓரமாகவே நடந்தார்கள். அந்த ஓரமும் மற்ற நிழல்களின் ஓரம்போல இல்லை. நாலு புள்ளி ஆறுக்கு வளைவு வராது. விளிம்பெல்லாம் குறுக்குத்தையல் போட்ட துணிபோலப் படிப்படியாக இருந்தது, பள்ளிக்கூடம் விட்டு வருகிற பிள்ளைகள் படிக்குப் படி தாண்டிப்போனார்கள்.

நிழல் மாடியிலிருந்து வருகிறது என்று அவள் சொன்னதை வீதி நம்பியது மின்சாரம் போன அன்றைக்குத்தான். விளக்கை ஊதியதுபோல நிழல் அணைந்தது. மின்சாரம் வந்த பிறகும் வரவில்லை. நவ்ஷாத் போய் ஒரு பொத்தானை அழுத்திய பிறகு வந்தது. டீ கொடுக்க மாடிக்குப் போயிருந்த ஆறுச்சாமி திரையில் தன் கடையைப் பார்த்தார்; பலகை, பாய்லர், பிஸ்கட் பாட்டில் எல்லாம் இருந்தன.

"நா எங்கீங்க?"

"உங்கள இன்னும் செய்யலைங்கண்ணா" என்றாள் கோகிலவாணி.

"பரவால்ல. பாய்லர்ல தண்ணியாச்சும் ஊத்தி வெச்சிருக்கலாம்."

அவர் கீழே போய்ச் சொன்னார். அன்றிலிருந்து வீதி அந்தப் பதிப்பை ஓர் ஆளைப்போலவே பேசியது. காலையில் கடை திறக்கிறவர்கள், "நாலு புள்ளி ஆறு எந்திரிச்சிருச்சா?" என்று கேட்டார்கள், நிழல் லேசாகத் துடித்த நாள்களில், "இன்னைக்கு நாலு புள்ளி ஆறுக்கு ஒடம்பு செரியில்ல, யாரும் சத்தம் போடாதீங்க" என்றார்கள். மின்னழுத்தம் குறைந்தால் அதற்கு ஆகாது என்று கேள்விப்பட்டு, முக்கிலிருந்த வெல்டிங் பட்டறையில் உச்சிவெயில் நேரத்தில் பற்றவைப்பதை நிறுத்தினார்கள். ஐந்து கடைகளின் இன்வெர்ட்டர்களிலிருந்து வயர்கள் ஒன்றாகச் சேர்ந்து மாடி ஜன்னலுக்குள் போயின.

எல்லோருக்கும் நிழல் வேண்டியிருக்கவில்லை. சாயப்பட்டறைக்காரர்கள் நான்காம் நாளே வந்து, "நிழல நிறுத்துங்க, செவப்பு நூலு ரெண்டு நாளாக் காயாம நாறுது" என்றார்கள். டீக்கடையில் உட்கார்ந்து பேசியதில், பதினொன்றிலிருந்து மூன்று வரை நிழல், மீதி நேரமெல்லாம் வெயிலுக்கு என்று முடிவாயிற்று. ஆனால் அந்தப் பதிப்பு கேமராவைச் சுற்றி நூற்றைம்பது மீட்டருக்குத்தான் நிழல் போடும். கேமரா நகர்ந்தால் நிழலும் நகரும். ஆகவே யாருக்கு எப்போது என்கிற கேள்வி வந்தது. ஆறுச்சாமி கடையில் ஒரு நோட்டு வைத்தார். எழுதியவர் பதினொன்றுக்கு மாடிக்குப் போன் செய்து இடத்தைச் சொல்வார். அதில் சாவு என்று எழுதினால் மற்றதெல்லாம் அடிபட்டுப் போகும். அதற்கடுத்து முழுகாமல் இருக்கிறவர்கள் ஆஸ்பத்திரிக்குப் போகிற வழி. அப்புறம் கல்யாணமோ சடங்கோ லாரி லோடோ, ஆனால் யாருக்கும் அடுத்தடுத்து இரண்டு நாள் கிடையாது. ஒருவரும் எழுதாத நாளில் நிழல் நால்ரோட்டுக்குப் போகும், அங்கே நிற்கிற போக்குவரத்துக் காவலர் மரியசெல்விக்கு. "நாலு பக்கமும் கை காட்டற புள்ள, கொடை புடிக்க இன்னொரு கைக்கு எங்க போகும்" என்று அதை நோட்டின் கடைசி அட்டையில் ஆறுச்சாமியே எழுதி வைத்திருந்தார்.

மாநகராட்சியிலிருந்து ஒருமுறை ஒரு அலுவலர் வந்தார். பொது இடத்தில் நிழல் விழுகிறது என்று யாரோ மனு கொடுத்திருந்தார்கள். அவர் வெயிலில் நின்று நிழலை அளந்தார். அவரிடமிருந்த படிவத்தில் இதற்குப் பொருத்தமான கட்டம் தேடி, கடைசியில் "அனுமதியற்ற கூரை" என்பதில் குறியிட்டு, கூரை எந்தப் பொருளால் ஆனது என்கிற கேள்விக்கு வந்ததும் எழுத்து ஓடாமல், கொஞ்சம் உட்கார்ந்து யோசிக்கலாம் என்று நிழலுக்குள் வந்து பெஞ்சில் அமர்ந்து, அப்படியே தூங்கிப்போனார். மூன்று மணிக்கு நிழல் போனபோது முகத்தில் வெயில் பட்டு எழுந்தார். படிவத்தை நான்காக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, "நாளைக்கு உண்டுங்களா?" என்று மட்டும் கேட்டுவிட்டுப் போனார்.

இந்த மூன்று கோடையிலும் கோகிலவாணியிடம் யாரும் நன்றி என்று ஒரு வார்த்தை சொன்னதில்லை. மாடிப்படிகள் தினமும் காலையில் கழுவியிருந்தன, யார் கழுவியது என்று தெரியாது. பதினொன்று ஆனால் படியின் மேல் ஒரு தூக்குப்போசியில் மோர் இருக்கும், அதன் மூடியில் ஒருநாள் மாங்காய்த் துண்டு, ஒருநாள் உப்புக்கடலை. அவளும் அதைப் பற்றிக் கேட்டதில்லை. பதினொன்றுக்குக் கேமராவைக் கொண்டுபோய் வைப்பாள். வைத்த பிறகு அந்தக் கம்ப்யூட்டரைத் தொட முடியாது. தொட்டால் யாரோ ஒருவர் தலையில் வெயில் அடிக்கும். கையைக் கட்டிக்கொண்டு மூன்று மணி வரை ஜன்னலோரம் உட்கார்ந்திருப்பாள். விளையாட்டில் பயணிகள் பாதிப்பேருக்கு இன்னும் முகம் இல்லை.

சென்னியப்பனைக் கொண்டுபோன மறுவாரம் இரண்டு கடிதங்கள் வந்தன. ஒன்று என்ஜின் நிறுவனத்திலிருந்து: நாலு புள்ளி ஆறாம் பதிப்பின் உரிமம் மே முப்பத்தொன்றோடு முடிகிறது, அதன்பிறகு அது திறக்காது, இத்தனை வருடம் பயன்படுத்தியதற்கு நன்றி. இன்னொன்று விளையாட்டை வெளியிடுவதாக ஒப்பந்தம் போட்டிருந்த ஐதராபாத் நிறுவனத்திலிருந்து: விளையாட்டு முழுமையாக முடிந்து, ஏழாம் பதிப்புக்கு மாற்றப்பட்டு, அதே மே முப்பத்தொன்றுக்குள் வந்து சேர வேண்டும், இரண்டு முறை தவணை கொடுத்தாயிற்று, மூன்றாவது கிடையாது, வராவிட்டால் ஒப்பந்தம் இல்லை.

மாற்றுவது ஒரு நாள் வேலைதான். ஆனால் முடிந்த விளையாட்டைத்தான் மாற்ற முடியும். முகங்கள் பாக்கி, மழை பாக்கி, கடைசி மூன்று நிறுத்தங்கள் பாக்கி. நிழலையும் சோதித்துப் பார்த்துவிட்டார்கள். வேறொரு கம்ப்யூட்டரில் ஏழாம் பதிப்பைப் போட்டு அந்த மரத்தை உள்ளே வைத்ததும், அளவு தப்பாக இருக்கிறது, திருத்தட்டுமா என்று அது மரியாதையாகக் கேட்டது. திருத்தாதே என்று சொன்னபோதும் நிழல் திரைக்குள் மட்டும் அழகாக, வளைவு வளைவாக விழுந்தது. ஜன்னலுக்கு வெளியே வெயில் அப்படியே இருந்தது.

"ஒரு நாளைக்கு நாலு மணி நேரம், மூணு கோடை" என்றான் நவ்ஷாத். "பாதி வெளையாட்ட நிழலாவே குடுத்துட்டோம் அக்கா."

"குடுத்தா என்ன?"

"ஒண்ணுமில்ல. அந்த நாலு மணி நேரம் இப்பத் திரும்பி வந்துச்சுன்னா முடிச்சுருவோம். நீங்க கேளுங்க, குடுப்பாங்க."

"அக்கினி நட்சத்திரத்துல போயி நிழல நிறுத்தறேன்னு சொல்லச் சொல்றியா?"

"அப்ப நா சொல்றேன்."

"நீயும் சொல்லக்கூடாது."

அவன் நாற்காலியைத் திருப்பிக்கொண்டான். "முடியலைன்னா நா பெங்களூருல எங்க மாமா சொன்ன வேலைக்குப் போயிருவேன். நீங்க என்ன பண்ணுவீங்க?"

போவதற்கு அவளுக்கும் இடங்கள் இருந்தன; ஏழு வருடமாகச் செய்ததை முடிக்காமல் விட்டுவிட்டுப் போகக்கூடிய இடம் ஒன்றுகூட அவளுக்குத் தெரியவில்லை. காலை ஐந்து மணிக்கே வந்து வேலை செய்தாள், மூன்று மணிக்கு மேல் இருட்டும் வரை செய்தாள், நடுவில் பதினொன்று ஆனதும் கேமராவைக் கொண்டுபோய் நோட்டில் எழுதியவர்களின் தலைக்கு மேல் வைத்துவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டாள். ஒரு நாளைக்கு ஒரு பயணிக்கு முகம் வந்தது. இன்னும் அறுபது பயணிகள் இருந்தார்கள்.

அக்கினி நட்சத்திரம் பிறந்த அன்றைக்குப் பதினொன்றுக்கு போன் அடிக்கவில்லை. யாரும் எழுதவில்லை போலிருக்கிறது என்று நிழலை நால்ரோட்டுக்குக் கொண்டுபோனாள். ஐந்து நிமிடத்தில் மரியசெல்வி பேசினாள். அவள் தூத்துக்குடிப் பக்கத்துக்காரி, போனில் பேசும்போது விசிலை வாயிலிருந்து எடுக்க மறந்துவிடுவாள்.

"மேடம், இன்னைக்கு நிழல் வேண்டாம் மேடம்."

"ஏங்க?"

"நிழல்ல நின்னா உறக்கமா வருது. ஒரு லாரியைத் தப்பா விட்டுட்டேன். ஐயா ஏசுறாவ."

மறுநாளும் போன் இல்லை. அதற்கு மறுநாள் கோகிலவாணி கீழே இறங்கிப்போனாள். வெயில் தார் ரோட்டை இளக்கியிருந்தது. ஆறுச்சாமி நோட்டைத் திறந்து காட்டினார். மூன்று நாளுக்கும் பக்கம் வெறுமையாக இருந்தது.

"யாரும் எழுதலீங்க அம்மிணி. நா என்ன பண்றது."

"கல்யாணம் ஒண்ணு இருந்துச்சே?"

"பந்தல் போட்டுக்கறாங்களாமா. பந்தல்னாத்தான் போட்டோவுக்கு நல்லாருக்குமாமா."

ஈரத்துண்டைத் தலையில் போர்த்திக்கொண்டு பேல் தூக்கிக்கொண்டிருந்த மாதையன் அவளைக் கண்டதும் துண்டைச் சட்டென்று உருவி இடுப்பில் கட்டிக்கொண்டார். பிடரி சிவந்து கொப்பளித்திருந்தது.

"இந்த வருசம் வெயிலு கம்மிதானுங்க" என்றார்.

"நாப்பத்திரண்டு டிகிரிண்ணா."

"அதான் சொல்றேன். போன வருசம் நாப்பத்திரண்டரை."

அவள் மேலே வந்தாள். நவ்ஷாத் திரையிலிருந்து முகத்தைத் திருப்பாமல் இருந்தான். "நீ சொல்லிட்ட" என்றாள்.

"நா எதையும் கேக்கலக்கா. டீ குடிக்கையில ஆறுச்சாமியண்ணன் கலண்டர்ல என்ன பாக்கறேன்னு கேட்டாரு. தேதியச் சொன்னேன். அவ்வளவுதான்."

அவள் அவன் கையிலிருந்து மவுஸைப் பிடுங்கி, கேமராவை வீதிக்கு நடுவில் கொண்டுபோய் வைத்தாள். நிழல் விழுந்தது. விழுந்த மறுநொடி போன் அடித்தது.

"அம்மிணி, நிழல எடுங்க" என்றார் மாதையன். "மெத்தை காயப்போட்டிருக்குது."

"என்ன மெத்தைங்கண்ணா?"

"மெத்தைதானுங்க. எட்டிப் பாருங்க."

எட்டிப் பார்த்தாள். வீதியின் இந்த முனையிலிருந்து அந்த முனை வரைக்கும் ஆள்கள் தங்கள் வீடுகளிலிருந்து எதையெதையோ தூக்கிவந்து தரையிலும் கட்டிலிலும் வண்டிகளின் மேலும் பரப்பிக்கொண்டிருந்தார்கள். மெத்தைகள், தலையணைகள், புளி, வடகம், பீரோவுக்குள்ளேயே இருந்து பழகிய பட்டுப்புடவைகள், மூட்டைப்பூச்சி இல்லாத நாற்காலிகள், போன வருடத்துப் பாடப்புத்தகங்கள். சாயப்பட்டறைக்காரர்கள் ஏற்கெனவே காய்ந்து மொடமொடத்த சிவப்பு நூலை மறுபடியும் நனைத்துத் தொங்கவிட்டார்கள். ஜெயபாலன் நிழலில் மட்டுமே உலர்த்த வேண்டிய தூதுவளையையும் ஆடாதொடையையும் தட்டுத் தட்டாகக் கொண்டுவந்து உச்சிவெயிலில் வைத்தார். அவை அவர் கண் முன்னாலேயே கருகின, அவர் தாடையைச் சொறிந்தபடி பார்த்துக்கொண்டு நின்றார். தூரத்தில் நால்ரோட்டின் இரும்புத் தடுப்பின் மேல் ஒரு மழைக்கோட்டு சொட்டச் சொட்டக் காய்ந்துகொண்டிருந்தது. ஈரோட்டில் மழை பெய்து நான்கு மாதம் ஆகியிருந்தது.

"எடுத்துட்டீங்களா அம்மிணி?" என்றது போன். "சீக்கிரமுங்க, ஈரம் உள்ள போயிரும்."

கோகிலவாணி நிழலை எடுத்தாள். எடுத்ததும் வீதி வெயிலில் பளீரென்று திறந்துகொண்டது. யாரோ கைதட்டுகிற சத்தம் கேட்டது, உடனே யாரோ அதை அடக்குகிற சத்தமும் கேட்டது. அவள் ஜன்னலைச் சாத்தினாள். முகத்தைத் துடைத்துக்கொண்டு, அறுபது பேரில் அடுத்த பயணியைத் திறந்தாள்.

அதன்பிறகு தினமும் பத்தே முக்காலுக்கு வீதியில் மெத்தைகள் வந்துவிட்டன. எங்கெங்கோ இருந்த ஈரமெல்லாம் சாயக்காரர் வீதிக்குக் காய வந்தது. அவள் மறந்தும் நிழல் கொடுத்துவிடக் கூடாது என்பதில் எல்லோரும் குறியாக இருந்தார்கள். புதிதாக அந்த வழியே வந்த ஒருவர் நிழலைப் பற்றிக் கேள்விப்பட்டு நோட்டைக் கேட்டபோது, "நோட்டு தீந்துபோச்சு, புதுசு வாங்கோணும்" என்றார் ஆறுச்சாமி. வெயிலில் நின்றவர்களின் முகங்கள் அவளுக்கு ஜன்னல் வழியாகத் தெரிந்தன. அவள் பார்த்தாள், திரும்பி உட்கார்ந்து செய்தாள். விளையாட்டில் பஸ் ஏறிய பயணிகளுக்கு ஒவ்வொருவராக முகம் வந்தது. அவளை அறியாமலே அந்த முகங்களில் வியர்வை இருந்தது, கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்க்கும் பார்வை இருந்தது, பிடரியில் ஈரத்துண்டு இருந்தது. கடைசி நிறுத்தத்துக்கு முந்தின நிறுத்தத்தில் மழையும் பெய்தது. ஆறுச்சாமியைச் செய்து கடைக்குள் நிற்கவைத்தாள், பாய்லரில் தண்ணீர் ஊற்றினாள். இருபத்தொன்பதாம் தேதி விளையாட்டு முடிந்தது. முப்பதாம் தேதி நவ்ஷாத் அதை ஏழாம் பதிப்புக்கு மாற்றி ஐதராபாத்துக்கு அனுப்பினான். மாலையில், கிடைத்தது என்று ஒரு வரி பதில் வந்தது.

முப்பத்தொன்றாம் தேதி காலை ஏழு மணிக்கு, வெயில் ஏறுவதற்கு முன்பே, கோகிலவாணி நாலு புள்ளி ஆறைத் திறந்து கேமராவை வீதிக்கு நடுவில் வைத்தாள். நேரத்துக்கு முன்பே நிழல் விழுந்ததைக் கண்டு அவசரமாக முதல் மெத்தையைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தவள் மாதையனின் மனைவி. ஜன்னலை அண்ணாந்து பார்த்தாள்.

"முடிஞ்சுருச்சுங்களா?"

"முடிஞ்சுருச்சுங்க்கா."

அவள் மெத்தையை உள்ளே கொண்டுபோகவில்லை. அங்கேயே நிழலில் விரித்துப் படுத்துக்கொண்டாள். அன்றைக்கு மூன்று மணிக்கு நிழலை எடுக்கச் சொல்லி ஒருவரும் வரவில்லை. சாயப்பட்டறைக்காரர்கள் பட்டறையைப் பூட்டிவிட்டு வந்து உட்கார்ந்தார்கள். மரியசெல்வி விடுப்புப் போட்டுவிட்டுச் சீருடை இல்லாமல் வந்தாள், யாருக்கும் அடையாளம் தெரியவில்லை, அவளே சொல்ல வேண்டியிருந்தது. மாநகராட்சி அலுவலர் பழைய பெஞ்சில் பழையபடி தூங்கினார். கல்யாணம் முடிந்த ஜோடி மாலையில்லாமல் வந்து போட்டோ எடுத்துக்கொண்டது. பேச்செல்லாம் பேல் கட்டுவதைப் பற்றியும் பல்வலியைப் பற்றியும் இருந்தது, சீட்டாட்டத்தில் ஒரு சண்டை வந்து தீர்ந்தது. ஆறு மணிக்கு மேல் சூரியனே விழுந்து, எது மரத்தின் நிழல் எது பொழுதின் நிழல் என்று பிரித்துச் சொல்ல முடியாமல் போனபோது, கோகிலவாணி நாலு புள்ளி ஆறை மூடினாள். சேமிக்கவா என்று அது கேட்டது. அது ஏதாவது கேட்டு அவள் பார்த்தது அதுதான் முதல் தடவை. சேமி என்றாள்.

நிழல் போன நான்காவது நாள் நாலு மணிக்கு அவள் டீ குடிக்கக் கீழே வந்தாள். மேற்கு வெயில் வீதியோடு நேராக வந்துகொண்டிருந்தது. பெஞ்சில் இடமில்லாததால் கிளாஸை வாங்கிக்கொண்டு ரோட்டோரமாக நின்றாள். கண் கூசியது, இடது கையை நெற்றியில் வைத்துக்கொண்டாள். அவளுக்கு முன்னால் மேற்குப் பக்கமாக நின்று மாதையன் ஒரு சங்ககிரி லாரிக்காரரோடு வாதாடிக்கொண்டிருந்தார்.

"நாப்பது பேலுதானுங்க ஏறும்" என்றார் லாரிக்காரர்.

"நாப்பத்தஞ்சு ஏறும். போன மாசம் ஏத்தல?"

"அது வேற வண்டிங்க."

"எல்லாம் இதே வண்டிதான். நீ மொதல்ல பின்கதவத் தொற, நா ஏத்திக் காட்டறேன்" என்று சொல்லிக்கொண்டே, பேச்சை நிறுத்தாமல், திரும்பியும் பார்க்காமல், மாதையன் அரையடி இடப்பக்கம் நகர்ந்து நின்றார். கோகிலவாணி நெற்றியிலிருந்து கையை எடுத்து, இரண்டு கையாலும் கிளாஸைப் பிடித்து டீயைக் குடித்தாள்.